கோழிச் சுருளும் கடைசி வரியும்

பிப்ரவரி 3, செவ்வாய்

பூங்காவில் நான்கு சுற்று நடந்தேன். குளியலறைக் குழாய் மறுபடியும் சொட்டியது. வாஷர் மாற்றினேன். பத்து நிமிடம் நின்று பார்த்தேன், சொட்டவில்லை. இருந்தாலும் கீழே வைத்த வாளியை எடுக்க மனம் வரவில்லை.

இந்த மாதம் 21ஆம் தேதி மனைவியோடு தொலைபேசி நிலையத்தில் ஆபரேட்டராக இருந்த தோழிகள் நம் வீட்டில் கூடுகிறார்கள். வருடத்துக்கு ஒருமுறை, ஆளுக்கொரு வீடு என்று முறை வைத்திருக்கிறார்கள். யார் வீடானாலும் கோழிச் சுருள் மட்டும் இவள் கையால்தான். இம்முறை வீடும் நம்முடையது.

மதியம் காய்கறி சூப்: உப்பு அதிகம். நேற்றும் அதிகம். நல்லா இருக்கு என்றேன்.

பிப்ரவரி 5, வியாழன்

பால் தீய்ந்துவிட்டது. நான் குளியலறையில் இருந்தேன், அங்கேயே நெடி வந்தது. ஓடி வந்து பார்த்தால் அவள் அடுப்புக்கு இரண்டடி தள்ளி நின்று கீரை ஆய்ந்துகொண்டிருக்கிறாள். "என்னங்க, எதுக்கு இப்படி ஓடி வர்றீங்க?" என்று என்னைக் கேட்டாள்.

அடுப்பை அணைத்தேன். அவள் பாத்திரத்தைப் பார்த்தாள், பிறகு நாற்காலியில் உட்கார்ந்தாள். ஜனவரி காய்ச்சலுக்குப் பிறகு வாசனையும் தெரியவில்லையாம், ருசியும் தெரியவில்லையாம். "நாக்கு மேல ஈரத்துணிய விரிச்சுப் போட்ட மாதிரி இருக்கு." கண்ணாடிக் கடைக்கு என்று சொல்லிப் போனது டாக்டரிடமாம். திரும்ப வரலாம், வராமலும் போகலாம், மாதக் கணக்கில் ஆகும் என்றாராம்.

ஒரு மாதமாக எனக்குத் தெரியவில்லை. தினமும் எதிரே உட்கார்ந்து சாப்பிடுகிறேன்.

கூட்டத்தைத் தள்ளிப் போடலாமே, காரணத்தைச் சொன்னால் புரிந்துகொள்வார்கள் என்றேன்.

"நல்லாப் புரிஞ்சுக்குவாங்க. எங்க சூப்பர்வைசரம்மாவுக்குக் காது போனப்ப நாங்களும்தான் புரிஞ்சுக்கிட்டோம். ஓரமா, காத்து வர்ற இடமாப் பாத்து நல்ல நாற்காலி போட்டோம். அதுக்கப்புறம் அவங்ககிட்ட பேசறத விட்டுட்டோம். எனக்கும் அந்த நாற்காலிதான் வரும். யார்கிட்டயும் மூச்சு விடக் கூடாது நீங்க."

இரவு ரொட்டி, முட்டை: முட்டையில் உப்பே இல்லை. அவள் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை.

பிப்ரவரி 7, சனி

யோசித்து, காலையில் சொல்லிப் பார்த்தேன்: "நான் வேணா ருசி பாத்துச் சொல்றேன். நீ செய்."

சிரித்தாள். ஒரு மாதத்தில் முதல் சிரிப்பு, அதனால் கோபித்துக்கொள்ள முடியவில்லை.

"நீங்களா? நாப்பத்திரெண்டு வருஷத்துல ஒரு நாளாவது வாயத் திறந்து நல்லா இல்லன்னு சொல்லியிருக்கீங்களா? வெந்நீர் வச்சுக் குடுத்தாக்கூட நல்லா இருக்கும்பீங்க."

உண்மை. அவளுடைய தோழிகள் எனக்கு வைத்திருக்கும் பெயர் "நல்லாயிருக்கு சார்". எனக்குத் தெரியாது என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

பிப்ரவரி 8, ஞாயிறு

முப்பத்தொரு வருடம் தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. ஒரு ஊர்த் தண்ணீரில் உப்பு எவ்வளவு என்று எழுதிக் கையெழுத்துப் போட்டவன். மேலதிகாரி முகம் சுளித்தாலும் எண்ணை மாற்றியதில்லை. வீட்டு சூப்பில் உப்பு அதிகம் என்று சொல்ல மட்டும் ஏன் வாய் வரவில்லை?

அப்பாவை நினைத்துக்கொண்டேன். அவர் திட்டமாட்டார். பிடிக்கவில்லை என்றால் தட்டை முன்னால் தள்ளுவார். மேசையில் அது நகர்கிற சத்தம் மட்டும் கேட்கும். அம்மாவின் கை அப்படியே நின்றுவிடும். என் வீட்டில் அந்தச் சத்தம் கேட்கக் கூடாது என்று தீர்மானித்திருந்தேன். கல்யாணமான மறுவாரம் முதல் வாயால் சொல்வது ஒன்று, குறிப்பேட்டின் கடைசி வரியில் எழுதுவது ஒன்று.

அது அன்பா, கோழைத்தனமா? இரண்டும் ஒரே ருசியாகத்தான் இருக்கும் போலிருக்கிறது.

மாலை கேக்: வெண்ணெய் சிக்கு வாடை. நல்லா இருக்கு என்றேன். இப்போதுகூட.

பிப்ரவரி 10, செவ்வாய்

முதல் ஒத்திகை. முறையை எழுதி வைக்கிறேன்.

எலும்பில்லாத நெஞ்சுக்கறியைப் புத்தகம் போலப் பிளந்து விரிக்க வேண்டும். இரண்டு பிளாஸ்டிக் தாளுக்கு நடுவில் வைத்து, கனமான சின்ன வாணலியின் அடியால் தட்ட வேண்டும். நடுவிலிருந்து ஓரத்துக்கு, எல்லா இடமும் ஒரே தடிமனாக. (நான் தட்டினேன். "கதவத் தட்டற மாதிரி பயந்து பயந்து தட்டாதீங்க, கோழி செத்தாச்சு" என்றாள்.) உள்ளே வைக்க காளான், கீரை, பூண்டு வதக்கி, மிளகு, எலுமிச்சைத் தோல் சீவல், கடைசியில் துருவிய சீஸ். பாயைப் போல இறுக்கமாகச் சுருட்டி, வெள்ளை நூலால் மூன்று இடத்தில் கட்டு. வாணலியில் சுற்றிலும் நிறம் வரும்வரை வாட்டி, பிறகு ஓவன். ஆறவிட்டு வட்டமாக நறுக்கி, ஒவ்வொன்றிலும் ஒரு பல்குச்சி.

வதக்கியதை ருசி பார்த்தேன். உப்பு சற்றுக் குறைவு என்று பட்டது. இன்னும் கொஞ்சம் போடச் சொன்னேன், தைரியமாக. அதன் பிறகு சீஸ் விழுந்தது. சீஸுக்கும் தனியாக உப்பு உண்டு என்பது எனக்கு நினைவே இல்லை. வெந்து வந்ததும் ஒரு துண்டு வாயில் போட்டேன். கடல்.

அவள் என் முகத்தையே பார்த்தாள். "எப்படி?"

"நல்லா இருக்கு."

முகம் மலர்ந்து, ஒரு தட்டு நிறைய எடுத்துப் பக்கத்து வீட்டுத் தையல்காரம்மாவுக்குக் கொடுத்தாள். ஒரு மணி நேரத்தில் தட்டோடு அவரே திரும்பி வந்தார். "அக்கா, பாக்க அம்புட்டு அழகு. எங்க வீட்டுக்காரர்தான் குடத்துல வாய வச்சவர் இன்னும் எடுக்கல."

கதவைச் சாத்திவிட்டு வந்தாள். சத்தம் போடவில்லை. "உங்களுக்குத் தெரியலையா, தெரிஞ்சே பொய் சொன்னீங்களா? எதுவா இருந்தாலும் எனக்குப் பிரயோஜனமில்ல."

பிப்ரவரி 11, புதன்

முதுகுவலி, வேறு வீட்டில் வைத்துக்கொள்ளுங்கள் என்று நாளை மறுநாள் போனில் சொல்லிவிடப் போகிறாளாம்.

பிப்ரவரி 12, வியாழன்

பரணிலிருந்து பழைய குறிப்பேடுகளை இறக்கினேன். முதலில், சாப்பாட்டு வரிகளை மட்டும் ஒரு தாளில் நகலெடுத்துக் கொடுக்கலாம் என்று உட்கார்ந்தேன். ஒரு பக்கம் எழுதியதும் புரிந்தது: நகலெடுக்கும் சாக்கில் கடுமையானவற்றை விட்டுக்கொண்டே போகிறேன். தாளைக் கிழித்தேன். குறிப்பேடுகளை அப்படியே மேசையில் அடுக்கினேன்.

"என்ன இது, உங்க தண்ணிக் கணக்கா?"

"கடைசி வரியப் படி. ஒவ்வொரு நாளும் கடைசி வரி."

அதற்கு மேல் அங்கே நிற்க முடியவில்லை. பூங்காவுக்குப் போனேன். ஒன்பது சுற்று.

திரும்பி வந்தபோது கண்ணாடி மூக்கின் நுனியில் இருந்தது. படித்துக் காட்டினாள். "'மீன்: உள்ளே பச்சை. நல்லா இருக்கு என்றேன்.' 'கீரை: மண். நல்லா இருக்கு என்றேன்.' 'பிறந்தநாள் கேக்: செங்கல்.' செங்கல்லா? மூணு துண்டு தின்னீங்க அன்னைக்கு!"

"இரண்டரை."

"நாப்பத்திரெண்டு வருஷமா எதிர்ல உக்காந்து சாப்பிட்டது புருஷன்னு நெனச்சேன். இன்ஸ்பெக்டர்!"

குறிப்பேட்டைத் தூக்கிக்கொண்டு அறைக்குள் போய்விட்டாள். இரவு வெகுநேரம் அங்கே விளக்கு எரிந்தது. நான் என்ன செய்துவிட்டேன்? பேசாமல் முதுகுவலி என்றே சொல்ல விட்டிருக்கலாமோ? — எனக்கு எதிலும் நேரம் தெரியாது. எதைச் சொல்ல வேண்டும், எதை விட வேண்டும், ஒன்றும் தெரியவில்லை.

ரொட்டி மட்டும். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை.

பிப்ரவரி 13, வெள்ளி

காலையில் மேசையில் குறிப்பேடுகள். ஓரமெல்லாம் பென்சில் குறி. அவளுக்கே நினைவிருக்கிற சமையல்களை மட்டும் எடுத்து, தன் நாக்கு அன்று சொன்னதோடு என் வரியை ஒத்துப் பார்த்திருக்கிறாள். ஒத்திருந்தால் சரி, இல்லாவிட்டால் சுழி. பரிசோதனைக் கூடத்தில் புதுக் கருவி வந்தால் நாங்கள் செய்வதும் இதுதான்: விடை தெரிந்த மாதிரியைக் கொடுத்துப் பார்ப்பது. நான் அவளுக்கு இதைச் சொல்லித் தந்ததே இல்லை.

சுழிகள் மிகக் குறைவு.

"இந்த வீட்டுக்கு வந்த புதுசுல சுருள் செஞ்சேனே, எலுமிச்சைத் தோல் கசப்புன்னு எழுதியிருக்கீங்க. எனக்கும் அன்னைக்கு அப்படித்தான் பட்டுச்சு. நீங்க நல்லா இருக்குன்னதும் என் நாக்குதான் தப்புன்னு விட்டுட்டேன்."

அந்த வரியை எடுத்து மறுபடி படித்தேன்.

"போன் பண்ணல. ஞாயித்துக்கிழம மறுபடி செய்யலாம். நாக்கு நல்ல நாக்குதான். வாய்தான் மட்டம்."

பிப்ரவரி 15, ஞாயிறு

இரண்டாம் ஒத்திகை. இம்முறை சீஸ் உருகிய பிறகுதான் ருசி பார்த்தேன்.

"சொல்லுங்க."

ஒரு தாளும் பேனாவும் கேட்டேன்.

"வாயால."

"உப்பு... ஒரு இது..."

"எது?"

"கம்மி."

"எவ்வளவு?"

"கால் தேக்கரண்டி. அப்புறம், பூண்டு சரியா வதங்கல."

வியர்த்துவிட்டது. அவள் கால் தேக்கரண்டி உப்பைப் போட்டுக் கிளறினாள். "ம். அடுத்தது." அவ்வளவுதான். எந்தத் தட்டும் நகரவில்லை.

பிப்ரவரி 18, புதன்

மூன்றாம் ஒத்திகை. உப்பு, பூண்டு, மிளகு சரி. ஒரு துண்டில் நூல் தங்கிவிட்டது, பல்லில் மாட்டியது. நூல் என் பொறுப்பு. சரிபார்க்க நான் போட்டிருக்கும் அட்டவணையில் அதையும் சேர்த்துவிட்டேன்.

பிப்ரவரி 20, வெள்ளி

எல்லாவற்றையும் சுருட்டிக் கட்டிக் குளிர்பெட்டியில் வைத்தாயிற்று. தொட்டுக்கொள்ள க்ரீம் சாஸும் இன்றே செய்தோம். ருசி பார்த்தேன், சரி. அட்டவணையில் எல்லா வரிகளிலும் குறி விழுந்துவிட்டது. இருந்தும் எதையோ விட்டுவிட்டதுபோல் இருக்கிறது. எனக்கு எப்போதும் அப்படித்தான் இருக்கும்.

பிப்ரவரி 22, ஞாயிறு

நேற்று எழுத முடியவில்லை. இன்று வரிசையாக எழுதுகிறேன்.

ஐந்து பேர் வந்தார்கள். எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள், எல்லோருக்கும் எல்லாம் கேட்டது, தொழில் அப்படி. வெளியூர் அழைப்பில் கத்துவதுபோலவே பேசுபவருக்குப் பட்டப்பெயர் ட்ரங்க் கால். சூப்பர்வைசரம்மாவையும் கூட்டி வந்திருந்தார்கள். ஜன்னலோரம் நாற்காலி போட்டு, கையில் தண்ணீர் கொடுத்து, மறந்துவிட்டார்கள்.

சுருள் மேசைக்கு வந்தது. வட்டமாக, நடுவில் பச்சையும் வெள்ளையுமாக. முதல் தட்டு ஐந்தே நிமிடத்தில் காலி. "எங்க போனாலும் இந்த ருசி வராதுடி!" என்று ட்ரங்க் கால் தெரு முழுவதற்கும் அறிவித்தார். மனைவி சமையலறை வாசலில் நின்று என்னைப் பார்த்து லேசாகத் தலையசைத்தாள். இரண்டாம் தட்டோடு சாஸையும் கொண்டுவந்து வைத்தாள்.

முதலில் தொட்டவர் மெல்லுவதை ஒரு கணம் நிறுத்தினார். பிறகு, "சாஸ் பிரமாதம்" என்றார். அடுத்தவர் தொட்டார். "ஆமா, ரொம்ப நல்லா இருக்கு." மூன்றாமவரும் அதையே சொன்னார். அந்த மூன்று முகங்களும் எனக்குத் தெரிந்த முகம். நாற்பத்திரண்டு வருடமாக நான் வைத்திருந்தது.

மனைவி அவர்களைப் பார்க்கவில்லை. அவர்கள் தலைக்கு மேலாக என்னைப் பார்த்தாள்.

நான் போய் விரலால் தொட்டு நாக்கில் வைத்தேன். கெட்டுப்போயிருந்தது. வெள்ளி மாலை குளிர்பெட்டியில் இடம் ஒதுக்கும்போது ஐந்து நிமிடத்துக்கென்று சாஸ் கிண்ணத்தை வெளியே வைத்தவன் நான். மறந்துவிட்டேன். காலையில் அவள் பார்த்து, கெட்ட வாடை தெரியாமல் உள்ளே எடுத்து வைத்திருக்கிறாள். முந்தின நாள் ஒருமுறை ருசி பார்த்தாயிற்று என்பதால் அட்டவணையில் அதற்கு இரண்டாவது வரி இல்லை.

"அண்ணா, உங்களக் கேக்கவா வேணும், நீங்க நல்லா இருக்குன்னுதானே சொல்வீங்க" என்றார் ஒருவர். மற்றவர்கள் சிரித்தார்கள்.

"நல்லா இல்லை" என்றேன். குரல் தேவைக்கு மேல் வந்துவிட்டது. "கெட்டுப்போச்சு. யாரும் சாப்பிடாதீங்க. தப்பு என்னுது."

கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டேன். அதன் பிறகு என்ன செய்வது என்று தெரியவில்லை. அதைப் பிடித்தபடி நின்றேன். அந்த ஐந்து பேர் ஒரே அறையில் பேசாமல் இருந்ததை நான் கேட்டதே இல்லை.

மனைவி சிரித்தாள். சுவரில் சாய்ந்துகொண்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தாள். "தப்பு அவருது மட்டும் இல்ல. எனக்கு வாசனையும் தெரியல, ருசியும் தெரியல. ஒன்றரை மாசமாச்சு. நீங்க சாப்பிட்ட சுருள் அவரு நாக்கு, என் கை."

"அடிப்பாவி, ஒரு வார்த்த சொல்லக் கூடாதா?" என்று எல்லோரும் ஒரே நேரத்தில் தொடங்கினார்கள். ஜன்னலோரத்திலிருந்து சூப்பர்வைசரம்மா, "என்னடி சொல்றா? என்ன?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். யாரும் திரும்பவில்லை. மனைவிதான் போனாள். குனிந்து, அவர் காதில் ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னாள். கூடம் முழுவதும் கேட்டிருக்கும்.

அவர் சற்று யோசித்தார். பிறகு பக்கத்து நாற்காலியில் இருந்த கைப்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, காலியான இருக்கையைத் தட்டினார்.

"வா. இங்க நல்லாக் காத்து வருது."

மனைவி அங்கேயே உட்கார்ந்தாள். கொஞ்ச நேரத்தில் மற்றவர்களும் தங்கள் நாற்காலிகளை இழுத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் நகர்ந்துவிட்டார்கள். கூடத்தின் மறுபாதி காலியாகக் கிடந்தது. மூன்றாம் தட்டை நான்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன், சாஸ் இல்லாமல்.

சுருள்: சரி. சாஸ் பற்றி மேலே எழுதியாயிற்று.

மார்ச் 9, திங்கள்

பூங்காவில் நான்கு சுற்று. குழாய் சொட்டவில்லை. வாளியை எடுத்துவிட்டேன்.

இன்று எலுமிச்சையை மோந்து பார்த்தாள். ஒன்றுமில்லை. நாளையும் பார்ப்பதாகச் சொன்னாள். சூப்பர்வைசரம்மா வியாழக்கிழமை வருகிறார்.

மதியம் சூப்: மிளகு அதிகம். மிளகு அதிகம் என்றேன்.

"உங்கள யாரு கேட்டா?" என்றாள்.

யாரும் கேட்கவில்லை.