குமிழில் சந்தனம்

பாகான் டத்தோ
3.8.2025

தினேஸ்வரி அப்பாவுக்கு,

வணக்கம். கைப்பேசியில் உங்கள் எண்ணை பிளாக் செய்திருப்பதால் இந்தக் கடிதம். அதை மாற்றுகிற எண்ணம் இல்லை.

வீட்டை விட்டுப் போனபோது நீங்கள் வைத்துவிட்டுப் போன ஸ்டீரியோ ரிசீவரை லாரிக்கார சீனி அண்ணனிடம் கொடுத்து அனுப்பியிருக்கிறேன். இடப்பக்கம் பாடவில்லை. சத்தத்தைக் கூட்டினால் கடுகு பொரிகிற மாதிரி படபடக்கிறது. தெலுக் இந்தான் கடையில், “நாப்பது வருசத்து சாமான் அக்கா, தூக்கிப் போட்ருங்க லா” என்றார்கள். எனக்கு மனம் வரவில்லை. நீங்களே பழுது பார்த்து அனுப்புங்கள். மாவு அரைத்துப் பொட்டலம் கட்டும்போது ரேடியோ பாடாவிட்டால் கை ஓடுவதில்லை. நம் மகளும் கோலாலம்பூருக்கு வேலைக்குப் போய்விட்டாள்.

இப்படிக்கு,
கலாதேவி


ஜெலாப்பாங்
21.8.2025

அன்புள்ள கலாவுக்கு,

செட் பத்திரமாக வந்தது. மூடியைக் கழற்றியதும் சிரித்துவிட்டேன். சத்தம் கூட்டும் குமிழுக்குப் பின்னால் காய்ந்த சந்தனம், அடுக்கடுக்காக. காற்றுத் துளை வழியாகக் குங்குமமும் உள்ளே கொட்டியிருக்கிறது. ஆயுத பூசைக்கு ஈரச் சந்தனத்தைக் குமிழ்மேலேயே அப்பியிருக்கிறாய்! ஊசியால் சுரண்டிக் கழுவினேன். இடப்பக்கம் செத்துக் கிடந்த இரண்டு கெப்பாசிட்டரையும் மாற்றினேன். இப்போது நன்றாகப் பாடுகிறது.

ஒரு மாதத்தில் வருகிறேன் என்று கிளம்பியவன், ஒன்பது வருடம் ஆக்கிவிட்டேன். அத்தனை வருடமும் நீ என் பெட்டிக்குப் பொட்டு வைத்திருக்கிறாய். அதைப் பார்த்ததிலிருந்து மனசு ஒரு நிலையில் இல்லை. தப்பு என்னுடையதுதான் கலா. தீபாவளிக்கு முன்னால் செட்டை நானே கொண்டுவந்து மாட்டித் தருகிறேன். நீ சரி என்றால் அங்கேயே இருந்துவிடுகிறேன்.

உன்,
தர்மேந்திரன்


பாகான் டத்தோ
2.9.2025

தர்மேந்திரன் அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. கிரைண்டருக்கும் பொட்டு வைத்தேன். மோட்டார் சைக்கிளுக்கும் தேங்காய் உரிக்கிற பாரைக்கும் வைத்தேன். ஆயுத பூசையன்று வீட்டுச் சாமானுக்கெல்லாம் வைப்பதுதானே. நீங்கள் அதில் வேறு எதையும் பார்க்க வேண்டாம்.

முதல் மூன்று வருடம் வாசல் கதவைத் தாழ் போடாமல் படுத்தேன். அப்போது வந்திருந்தால் ஒரு வார்த்தை கேட்டிருக்க மாட்டேன். இப்போது கோபம்கூட இல்லை. தனியாக இருந்து பழகி, அது பிடித்தும் போய்விட்டது.

அடுத்த வெள்ளி சீனி அண்ணன் உங்கள் பக்கம், ஈப்போவுக்கு வருகிறார். அவரிடம் கொடுத்துவிடுங்கள். நீங்கள் வர வேண்டாம்.

கலாதேவி


ஜெலாப்பாங்
12.9.2025

கலாவுக்கு,

செட்டை சீனியிடம் கொடுத்தாயிற்று. மேலே துணி விரிக்காதே, சூடு வெளியேற வேண்டும். குமிழ்களை வாரம் ஒருமுறை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை திருப்பி விடு.

மறுபடி கோளாறு வந்தால் இவ்வளவு தூரம் அனுப்ப வேண்டாம். தெலுக் இந்தானில் கார்த்திகேசு என்று ஒருவர் பழைய செட்டெல்லாம் பார்க்கிறார். நம்பிக் கொடுக்கலாம். உள்ளே எதை எங்கே மாற்றினேன் என்று படம் வரைந்து அவருக்கு அனுப்பிவிட்டேன்.

ஸ்பீக்கர் ஒயர்களில் இடது, வலது என்று எழுதி ஒட்டியிருக்கிறேன். நீயே மாட்டிக்கொள்ளலாம். பக்கத்தில் ஆள் தேவையில்லை.

தர்மேந்திரன்