பாரிசுக்குப் பிறகு பல்லடம்

அக்கா,

இன்று காலை உங்கள் புத்தகத்தை மறுபடி பிரித்தேன். இரண்டாம் பதிப்பு, பசை வாசனைகூட இன்னும் போகவில்லை. நீங்கள் போன பிறகு வந்த பதிப்பு என்பதால் அட்டை முழுக்க உங்கள் முகம். இருந்தபோது படமே வேண்டாம் என்றவர் நீங்கள். பொருளடக்கத்தில் பாரிஸ் இருக்கிறது, பெட்ரோகிராட் இருக்கிறது, ஹவானா இருக்கிறது. பல்லடம் இல்லை. இந்த முறையும் இல்லை.

உலகப் புரட்சிகளின் வரலாற்றை நீங்கள் எழுதினீர்கள், நான் பக்கம் வடிவமைத்தேன். காந்திபுரத்தில் என் சின்னக் கடையில் கணினிக்குப் பக்கத்தில் நாற்காலியைப் போட்டுக்கொண்டு, ஒரு காற்புள்ளிக்காக என்னோடு சண்டை பிடிப்பீர்கள். கடைசி அத்தியாயத்துக்காக ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னையும் பல்லடத்துக்குப் பேருந்தில் இழுத்துப் போனீர்கள். அங்கேதான் செல்வியைப் பார்த்தோம்.

செல்வி இளம்பெண்ணாக ஒரு நூற்பாலையின் விடுதியில் அடைபட்டுக் கிடந்தவள். ஒப்பந்தக் காலம் முடியும்வரை வெளியே விடமாட்டார்கள். கூட இருந்த ஒருத்தியின் அப்பா இறந்த செய்தியை, அடக்கம் முடிந்த பிறகுதான் அவளிடம் சொன்னார்கள். அன்றைக்கு அத்தனை பெண்களும் மெஷினை நிறுத்திவிட்டு வாசலுக்கு வந்தார்கள். ஆலைக்காரர்கள் மிரட்டினார்கள், கெஞ்சினார்கள்; ஒருத்தியும் நகரவில்லை. கடைசியில் கேட் திறந்தது. அந்தப் பெண்ணை நடுவில் விட்டு, எல்லோரும் பேருந்து நிலையம்வரை நடந்தே போனார்கள். மறுநாள் எந்தப் பத்திரிகையிலும் ஒரு வரி இல்லை.

"நாங்க என்னத்தங்க பண்ணிப்போட்டோம்? கேட்டத் தொறக்க வெச்சு ஊட்டுக்குப் போனோம். இதப் போயிப் பொஸ்தகத்துல எழுதுவாங்களா?" என்று சிரித்தாள் செல்வி.

நீங்கள் சிரிக்கவில்லை. "பெரிய பெரிய பொஸ்தகமெல்லாம் ஏதோ ஒரு கேட்டத் தொறந்த கதைதான் அம்மணி" என்றீர்கள்.

பதிப்பாளருக்கு அது புரியவில்லை. அல்லது நன்றாகவே புரிந்தது. "ஏனுங்கக்கா, பாரிஸ், ஹவானான்னு போயிட்டுக் கடைசில பல்லடம்னா சிரிக்க மாட்டாங்களா? போதாக்கொறைக்கு நம்மூரு மில்லு. நாளைக்கு நா அவங்க மூஞ்சில முழிக்கோணும்" என்றார். நீங்கள் விடவில்லை, மாதக்கணக்கில் மல்லுக்கு நின்றீர்கள். அதற்குள் உடம்பு முடியாமல் போய்விட்டது. "ரெண்டாம் பதிப்புல கண்டிப்பாச் சேத்துப்போடலாங்க" என்ற ஒரே சொல்லை நம்பி, முதல் பதிப்பில் அதை விட்டுவிடச் சம்மதித்தீர்கள்.

அதுதான் எனக்கு இன்றும் ஆறவில்லை அக்கா. ஆட்சிக்கு வந்ததும் வாக்குறுதியை மறந்தவர்களைப் பற்றி அத்தனை பக்கம் எழுதியவர் நீங்கள். ஒரு மனுசனின் வாய்ச்சொல்லை எப்படி நம்பினீர்கள்? ஆஸ்பத்திரியில் இதைக் கேட்டே விட்டேன். "நம்பலைன்னா நா எதுக்கு எழுதோணும், சொல்லு" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டீர்கள்.

இரண்டாம் பதிப்பின் பக்க வேலையைப் பதிப்பாளர் வேறொருவரிடம் கொடுத்துவிட்டார். அதன் வெளியீட்டு விழாவுக்குச் செல்வி வந்திருந்தாள். இரண்டு தோழிகளையும் கூட்டிக்கொண்டு, பட்டுச்சேலை உடுத்தி வந்திருந்தாள். மேடையில் உங்களைப் புரட்சிப் பெண் என்று புகழ்ந்துகொண்டிருந்தபோது, மூன்று பேரும் ஒரே புத்தகத்தின் மேல் குனிந்து பக்கம் பக்கமாகத் தள்ளினார்கள். முடிவுவரை தள்ளிவிட்டு, மறுபடி முதலிலிருந்து தொடங்கினார்கள். பிறகு செல்வி என்னிடம் வந்தாள். "எங்களுது எந்தப் பக்கமுங்க?"

நேராகப் பதிப்பாளரிடம் போனேன். "பக்கம் கூடிப்போச்சுங்க. அக்காவுக்குப் புகழுரை நாலஞ்சு சேத்தோம்ல, எடம் பத்துல" என்றார். உங்களைப் புகழ இடம் இருந்தது. நீங்கள் எழுதியதற்கு இடமில்லை. மைக்குக்கு எட்டும்படி கத்தினேன். யாரோ என் தோளைப் பிடித்து உட்கார வைத்தார்கள்.

அத்தியாயம் என் கணினியில் இருந்தது. மறுநாளே அச்செடுத்துத் தைத்து, சின்ன நூலாக்கிப் பல்லடத்துக்குக் கொண்டுபோனேன். தான் இப்போது வேலை செய்யும் தறிக்கூடத்திலேயே செல்வி எழுத்துக் கூட்டிச் சத்தமாகப் படித்தாள். தறிச் சத்தத்தையும் மீறிப் படித்தாள். முடித்ததும் ஒன்றுதான் சொன்னாள்: "நல்லாத்தானுங்க இருக்குது. அப்பறம் ஏனுங்க இதப் போடுல?"

என்னிடம் கோபம்தான் இருந்தது. அதை அணையவிடாமல் வைத்திருக்கிறேன். உங்கள் புத்தகத்துக்கு எந்த ஊரில் விமர்சனக் கூட்டம் என்றாலும் போகிறேன். கேள்வி நேரத்தில் எழுந்து, "பல்லடம் எங்கே?" என்று கேட்கிறேன். போன வாரம் திருப்பூரில் மைக்கை அணைத்துவிட்டார்கள். முன்வரிசையில் ஒருவர், "இந்தம்மாவுக்கு இதே பொழப்பு" என்றார். ஆமாம், இதே பிழைப்புதான்.

வரும் ஞாயிறு ஈரோட்டில் கூட்டம். நேற்று செல்வி போன் செய்தாள்.

"நீங்க கேட்டது போதுமுங்க. இந்த வாட்டி நானும் வாரேன். மைக்கு இல்லாட்டிப் போகுது. மெஷின் சத்தத்துல பேசிப் பழகுன தொண்டைங்க இது."