மழை இடைவேளையில் சொன்னது

ஹம்பேர்க்,
ஜூலை 2007

அன்புள்ள பீலிக்ஸ் அண்ணாவுக்கு,

தங்கை டெல்சி எழுதுவது. நலம், நலமறிய ஆவல் என்று எழுத வரவில்லை. பயமாக இருக்கிறது. யாரும் ஒட்டுக்கேட்கலாம், தொலைபேசியில் எதையும் கதைக்க ஏலாது என்பதால், நாளை இங்கிருந்து கொழும்புக்கு வரும் உங்கள் கமெராக்கார நண்பரின் கையில் இதைக் கொடுத்துவிடுகிறேன். வாசித்ததும் கிழித்துப் போடுங்கள்.

மன்னாரிலிருந்து போய்ச் சித்தப்பாவோடு இங்கிலாந்தில் வளர்ந்து, கவுன்ரி கிரிக்கெட் அணிக்குப் பந்து வீசியபோது, உங்கள் முழங்காலை நினைத்துத்தான் பயந்தோம். முழங்கால் பழுதாகி விளையாட்டை விட்டபின் வர்ணனையாளர் வேலை கிடைத்தது என்றதும், அப்பா பூசை முடிந்து வந்தவர்களை எல்லாம் மறித்துச் சொன்னார். வாயால் செய்யும் வேலையில் என்ன ஆபத்து என்று நானும் நினைத்தேன்.

செவ்வாய்க்கிழமை கொழும்பில் மழையால் ஆட்டம் நின்றது. மழை விடும்வரை எதையாவது கதைத்து நிரப்புவது உங்கள் தொழில். எங்கே பந்து வீசப் பழகினீர்கள் என்று மற்ற வர்ணனையாளர் கேட்டார். "மன்னாரில, எங்கட பள்ளிக்கூட மைதானத்தில. இப்ப அதில ஆமிக் காம்ப் இருக்கு" என்றீர்கள். பொய்யில்லை. கோபமாகக்கூடச் சொல்லவில்லை. கணினியில் கேட்டுக்கொண்டிருந்த அப்பா எழுந்தேவிட்டார். அடுத்த நாளிலிருந்து வர்ணனையில் உங்கள் குரல் இல்லை.

தொண்டை கட்டிவிட்டது என்று அம்மாவிடம் சொன்னீர்கள். "மல்லி அவிச்சுக் குடி, ஐஸ் தண்ணியத் தொடாத" என்று சொல்லிவிட்டு அவ நிம்மதியாகிவிட்டா. என்னிடம் மட்டும், "இப்ப வெளிக்கிட ஏலாது, மாமா ஆக்கள் மன்னாரில இருக்கினம்" என்றீர்கள். மேலே எதுவும் சொல்லிவிடுவீர்களோ என்று பயந்து நான்தான் போனை வைத்தேன்.

இங்கே ரயில் ஸ்ரேசனடித் தமிழ்க் கடை மகேந்திரராஜா அண்ணை, போன மாதம் உங்களைக் கொழும்பு அரசாங்கத்துக்கு வாயை விற்றவன் என்றவர். இன்று, "உங்கட அண்ணை சிங்கம் பிள்ளை!" என்று முருங்கைக்காயைச் சும்மா நீட்டினார். இவர்கள் ஜெர்மன் பாஸ்போட்டை மேசை லாச்சிக்குள் வைத்துக்கொண்டு அடுத்தவன் உயிரில் வீரம் பார்க்கிறார்கள். வாங்காமல் வந்துவிட்டேன். தமிழிலும் வர்ணனை உண்டு என்று உலகத்துக்குக் காட்ட உங்களைக் கொழும்புக்குக் கூட்டிப் போன ஒளிபரப்புக் கம்பனியோ, நான் எடுத்தால் தொலைபேசியைத் தூக்குவதில்லை.

நேற்று மன்னாரிலிருந்து சூசைதாசன் மாமா போன் எடுத்தார். ஆமி வீட்டுக்கு வந்து, நீங்கள் அவருக்கு என்ன முறை என்று விசாரித்ததாம். "எங்களுக்கு ஒண்டும் நடக்காது பிள்ளை. அவனை முதல்ல பிளேன் ஏறச் சொல்லுங்கோ" என்றார். பின்னால் மாமி அழுவது கேட்டது.

மாமா பொய் சொல்கிறார். நீங்கள் போனால் ஆமி அவர்களிடம்தான் திரும்பி வரும் என்று எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும். அப்படியிருந்தும் ஏறுங்கள் என்றுதான் எழுதுகிறேன். மாமா வீட்டாரை விட்டுவிட்டு ஏன் வந்தாய் என்று பிறகு யாராவது கேட்டால், தங்கச்சி சொன்னாள் என்று சொல்லுங்கள்.

எனக்குச் சாமி நம்பிக்கை இல்லை என்று அம்மா எத்தனையோ தரம் உங்களிடம் முறையிட்டிருப்பா. எங்கள் மன்னாரின் மடு மாதா உங்களைக் காப்பாற்றட்டும் அண்ணா. மாமா வீட்டாரையும்.

உங்கள் தங்கை,
டெல்சி