இரண்டாவது வரியை அழுத்திய காலை

அன்பு மகள் சிட்டுவுக்கு அம்மா எழுதுவது. இங்கே காய்ச்சல், இருமல், சண்டை எதுவும் இல்லாமல் எல்லோரும் சுகமாக இருக்கிறோம், அங்கே நீயும் அப்படியே இருக்கவேண்டும் என்று விடிந்ததும் நினைத்துக்கொள்கிறேன். குதிகால் வலி எப்படி இருக்கிறது? நாள் முழுக்க மருந்துக்கடைக் கவுண்டரில் நின்றால் வலிக்காமல் என்ன செய்யும், நடுநடுவே உட்காருடி என்றால் கேட்கிற பெண்ணா நீ. உங்க அப்பா ரொட்டி வேன் ஓட்டுவதை விட்டு ஒரு வருஷம் ஆகிறது, இன்னமும் காலை ஐந்து மணிக்கு எழுந்து செருப்பை மாட்டிக்கொண்டு வாசல்வரை போகிறார், அப்புறம் ஓ என்று சொல்லிவிட்டுத் திரும்பி வந்து படுத்துக்கொள்கிறார். அண்ணனுக்கு லிப்ட் கம்பெனியில் பழுது பார்க்கப் பத்துக் கட்டடம் கொடுத்திருக்கிறார்கள். போன வாரம் ஒரு அம்மாள் நாய்க்குட்டியோடு பதினான்காவது மாடிக்கும் பதினைந்தாவதுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டாளாம், இவன் வியர்க்க விறுவிறுக்க ஏறிப் போய்க் கதவைத் திறந்தால், என்னப்பா இவ்வளவு நேரம், நாய்க்குத் தண்ணி இருக்கா என்று கேட்டாளாம். சொல்லிச் சொல்லிச் சிரித்தான். அண்ணிக்கும் வேலை ஓடுகிறது, அவர்கள் பெண் வாலுவுக்கு முன்பல் இரண்டும் விழுந்து பேச்சில் காற்று வருகிறது.

இதையெல்லாம் போனில் சொல்லியிருக்கலாமே, எதற்கு இத்தனை பக்கம் என்று நினைப்பாய். போனில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை சிட்டு. இந்த வாரத்தில் நான்கு தடவை உன்னைக் கூப்பிட்டேன், நான்கு தடவையும் சாப்பிட்டாயா, மழையா என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டேன். நீகூட, என்னம்மா இன்னைக்கு ஒரு மாதிரி இருக்க என்று கேட்டாய். ஒரு மாதிரிதான் இருக்கிறேன்.

வாலுவுக்கு நீ அனுப்பிய பார்சல் போன ஞாயிறு மத்தியானம் வந்தது. அண்ணன் குடும்பம் இங்கேதான் இருந்தது. பிரித்ததும் அந்தப் பெண் போட்ட கூச்சலில் உங்க அப்பா தூக்கத்திலேயே பிரேக் போடுகிற மாதிரி காலை உதைத்தார். கையிலும் வைத்து ஆடலாம், டிவியிலும் மாட்டலாம் என்கிற அந்தப் புதுக் கருவியும், அதே பூதக்குட்டி பிடிக்கிற விளையாட்டின் புதுப் பாகமும். கூடவே நீ எழுதிய அட்டை. அதை வாலு எல்லோர் முன்னாலும் சத்தமாகப் படித்தாள். உங்க அப்பா கைல மட்டும் இதைக் குடுத்துடாத, என்னோடத அழிச்ச மாதிரி உன்னோடதையும் அழிச்சிடுவான் என்று எழுதியிருந்தாய். நீ வேடிக்கைக்கு எழுதியதுதான், எனக்குத் தெரியும். இருபத்தாறு வருஷமாக நம் வீட்டில் ஓடுகிற வேடிக்கை அது. வாலு அட்டையிலிருந்து தலையைத் தூக்கி, நீயாப்பா அழிச்ச என்று கேட்டாள். அண்ணன் அந்தக் கருவியின் ஒயரைச் சுற்றியிருந்த காகிதத்தைப் பிரித்துக்கொண்டிருந்தான். வழக்கம்போல நான் இல்ல என்று குதிப்பான் என்று பார்த்தேன். அவன் ஒயரைப் பார்த்துக்கொண்டே, ஆமா பாப்பா, நான்தான், தெரியாம பண்ணிட்டேன் என்றான்.

பின்னாலேயே அவனைச் சமையலறைக்குக் கூப்பிட்டு ஏன்டா அப்படிச் சொன்னாய் என்று கேட்டேன். எத்தனை வருஷம்மா இல்ல இல்லன்னு சொல்றது, வாய் வலிக்குது, அவ அத்தைதான் பொய் சொல்றான்னு குழந்தை மனசுல எதுக்கு விழணும் என்றான். சொல்லிவிட்டு தம்ளரில் தண்ணீர் பிடித்துக் குடித்துவிட்டுப் போய்விட்டான். அதன்பிறகு பார்க்கவேண்டுமே, அவன் அறைக்குள் வரும்போதெல்லாம் வாலு அந்தக் கருவியைத் தலையணைக்கு அடியில் தள்ளினாள். அவன் பார்த்தான், பார்க்காத மாதிரி பால்கனிக்குப் போனான். சாயங்காலம் கிளம்பும்போது அவள் என் காதில், இது உங்ககிட்டயே இருக்கட்டும் பாட்டி, அப்பாகிட்ட பத்திரம் இல்ல என்று சொல்லிக் கருவியை என் கையில் கொடுத்துவிட்டுப் போனாள். என் கையில் சிட்டு. கொடுத்ததே என் கையில்தான்.

உன் விளையாட்டை அழித்தது அண்ணன் இல்லை. நான்.

எழுதிவிட்டேன். இனி நடந்ததைச் சொல்கிறேன், கோபத்தில் தாளைக் கசக்காமல் படி. உனக்குப் பத்து வயது, அவனுக்குப் பதின்மூன்று. அப்போது எனக்கு ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் மத்தியான ஷிப்ட், நீங்கள் இருவரும் பள்ளிக்கூடம், அப்பா வேனில். எட்டு மணியிலிருந்து ஒரு மணிவரை வீட்டில் நான் மட்டும். உன் அந்தச் சாம்பல் நிறக் கருவி, செங்கல் கனம், நான்கு பேட்டரி தின்னும், உன் கட்டில்மேல் கிடக்கும். நீ அதை ஜன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பித் திருப்பி வைத்துக்கொண்டு ஆடும்போது உன் முகம் போகிற போக்கைப் பார்த்திருக்கிறேன். அதற்குள் அப்படி என்னதான் இருக்கிறது என்று ஒரு நாள் காலை எடுத்தேன். இரண்டு வரி வந்தது. அந்த மொழி எனக்குப் பாதிதான் புரியும். மேலே உள்ளது விட்ட இடத்திலிருந்து தொடர்வது, கீழே உள்ளது புதிதாகத் தொடங்குவது என்றமட்டும் தெரிந்தது. குழந்தை பாடுபட்டு ஆடியதில் கை வைத்துக் கெடுத்துவிடக்கூடாது என்று, சத்தியமாக அதற்காகத்தான், இரண்டாவது வரியை அழுத்தினேன். பேர் கேட்டது. கண்ட எழுத்தை நான்கு தடவை அழுத்தினேன். மூன்று குட்டிகளைக் காட்டி ஒன்றை எடுத்துக்கொள் என்றது. யாரும் எடுக்கமாட்டார்கள் என்று தோன்றிய, காது மடங்கிய ஒன்றை எடுத்தேன். ஒரு பாதை வந்தது, இரண்டு பக்கமும் புல். அந்தப் புல்லுக்குள் நடந்தேன் பார், அடுப்பில் வைத்த தண்ணீர் முழுக்க வற்றி அடி கருகியது எனக்குத் தெரியவில்லை. மணி பன்னிரண்டரை. என் காதுமடக்கியை அப்படியே விட்டுப் போக மனசு வரவில்லை, நீ ஆடி முடித்ததும் சேமிப்பாயே, அந்த இடத்தைத் தேடி அழுத்தினேன். ஏதோ ஒரு கேள்வி கேட்டது. எது கேட்டாலும் ஆமாம் என்று அழுத்தினால் போதும்மா என்று நீதான் ஒருமுறை சொல்லியிருந்தாய். அழுத்தினேன். ஒரு கருவிக்குள் உனக்கு ஒரு அலமாரி, எனக்கு ஒரு அலமாரி இருக்கும் என்று நினைத்தேன் சிட்டு. ஒரே அலமாரிதான், என்னுடையதை வைத்தால் உன்னுடையது அழிந்துபோகும் என்று எனக்குத் தெரியாது.

நூற்றைம்பதில் நூற்று நாற்பத்தேழு பிடித்து வைத்திருந்தாய். முதுகில் விளக்கு எரியும் அந்த நத்தையை இரண்டு வருஷம் வளர்த்தாய். நீ அழுத அழுகை பக்கத்து வீட்டுக்காரர்கள் யாருக்கு என்ன ஆச்சு என்று ஓடிவருகிற அழுகை. நான் ஷிப்ட் முடித்து வந்தபோது தீர்ப்பு ஆகிவிட்டிருந்தது. அண்ணன் நான் தொடல, நான் தொடல என்று சுவரோடு நின்றான், அப்பா அவனை ஏரிக்குப் போகிற பள்ளிச் சுற்றுலாவுக்கு அனுப்பமாட்டேன் என்று சொல்லிவிட்டார், தப்புக்காக இல்லை, பொய் சொன்னதற்காக. அப்போதே நான் வாயைத் திறந்திருக்கவேண்டும். வேலை வெட்டி இல்லாமல் பிள்ளையின் பொம்மையை எடுத்து ஆடினாயா என்று உங்க அப்பா கேட்பாரே என்ற வெட்கம். காலையில் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தேன், காலையில் சாயங்காலம் என்று நினைத்தேன். சுற்றுலா பஸ் நம் தெருமுனையில் நின்று ஹாரன் அடித்தபோது, அவனுக்காக நான் முந்தைய வாரமே இஸ்திரி போட்டு வைத்த சட்டை கொடியில் தொங்கியது. திரைக்குப் பின்னால் நின்று பஸ் போகிறவரை பார்த்தான். புளுகன் என்று நீ வைத்த பேர் அன்றிலிருந்து ஒட்டிக்கொண்டது. நானும்கூட ஒன்றிரண்டு தடவை அப்படிக் கூப்பிட்டிருக்கிறேன். என்னை என்ன சொல்வது.

நீ அதற்குப் பிறகு அந்தக் கருவியைத் தொடவில்லை. நான் ஆடுவதை விடவில்லை. வெட்கம் கெட்டவள் என்று நினைத்துக்கொள், ஆனால் முழுசாகச் சொல்வது என்று உட்கார்ந்துவிட்டேன். நீங்கள் போனதும் காலை வெயில் வருகிற ஜன்னலோரம் தரையில் உட்கார்ந்து ஆடுவேன். மத்தியானம் சலவைக்கூடத்தில் எதிரும் புதிருமாக நின்று போர்வை மடிப்போமே, நீராவியில் எதிரே இருப்பவள் முகம்கூடத் தெரியாது, அந்த வெள்ளைக்குள்ளும் எனக்கு அந்தப் புல் பாதை போய்க்கொண்டே இருக்கும். கை மடிக்கும், நான் எங்கேயோ நடந்துகொண்டிருப்பேன். அப்புறம் கலர் கருவி வந்தது. நம் பஸ் ஸ்டாண்டு பக்கத்து ரிப்பேர் கடைத் தம்பி பழசு ஒன்று தேடிக் கொடுத்தான், பேரனுக்கா அக்கா என்றான், ஆமாம் என்றேன், அப்போது உனக்கே பதின்மூன்று வயது. காதுமடக்கி பச்சை நிறம் என்று மூன்று வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தேன், பார்த்தால் நீலம். அதன் அடுத்த பாகத்தில் கடிகாரம் வைத்துவிட்டார்கள், இங்கே விடிந்தால் அங்கேயும் விடியும், இங்கே மழை இருட்டானாலும் அங்கே பளீரென்று காலை. அடுத்து அகலமான கருவி. முன்னால் பிடித்த குட்டிகள் யாரும் அதற்குள் வர வழி இல்லை என்றான் தம்பி, எந்தக் கம்பி போட்டாலும் நடக்காதாம். காதுமடக்கியை அந்தப் பழைய கருவியிலேயே விட்டுவிட்டு, புதிதில் அதே ஜாதியில் இன்னொன்றைத் தேடிப் பிடித்தேன். அது அகலத்திலிருந்து, புத்தகம் மாதிரி மூடித் திறக்கிற இரண்டு திரைக்காரனுக்கு வந்தது, அதிலிருந்து, கண்ணாடி போடாமலே ஆழம் தெரிகிற கருவிக்கு வந்தது, நீ வெளிநாடு போன வருஷம் அது. நூற்றைம்பது என்றிருந்தது ஆயிரத்தைத் தாண்டிவிட்டது, அத்தனை பேருக்கும் எல்லாப் பாகத்திலும் இப்போது இடமும் இல்லையாம். ஒவ்வொரு தடவை புதுக் கருவிக்கு அனுப்பும்போதும் கேட்கும், போனால் இது திரும்பி வராது, சம்மதமா என்று. அகராதியை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு சொல்லாகப் படித்தபிறகுதான் அழுத்துவேன். படிக்காமல் அழுத்துவது எனக்கு அந்த ஒரு காலையோடு போயிற்று.

அப்பாவிடம் நேற்று சொன்னேன். அவன அன்னைக்கு பஸ்ல ஏத்தி விட்டிருக்கலாம் என்று மட்டும் சொன்னார். இரவு சாப்பிடவும் இல்லை. வாலுவிடம் வரும் ஞாயிறு நானே சொல்லப்போகிறேன், அவள் கருவியை அவள் அப்பா கையில் அவளையே கொடுக்கச் சொல்வேன். உன்னிடம் ஒன்று கேட்கிறேன், அம்மா கேட்கிறேன் என்பதற்காக இல்லை, கேட்க எனக்கு யோக்கியதையும் இல்லை. என்மேல் கோபித்துக்கொள், எத்தனை நாள் வேண்டுமானாலும் பேசாமல் இரு, நான் தாங்கிக்கொள்வேன். ஆனால் அவனோடு பேசு. அம்மா செய்ததற்காக மன்னித்துவிடு என்று அவனிடம் சொல்லாதே, புளுகன் என்று நீ கூப்பிட்டதற்காகச் சொல். நீ சொன்னால் அவனுக்குப் போதும், சின்ன வயதிலிருந்தே அவனுக்கு நீ நம்பவில்லை என்பதுதான் பெரிய குறை.

இந்தக் கடிதத்தை உறையை ஒட்டாமல் அண்ணனிடம் கொடுக்கப்போகிறேன், அவன் வேலைக்குப் போகிற வழியில்தான் தபால் ஆபீஸ். படித்துவிட்டு ஒட்டு என்று சொல்வேன். நேருக்கு நேர் சொல்கிற தைரியம் இன்னும் வரவில்லை, பிள்ளை முகத்தைப் பார்த்துக்கொண்டு சொல்ல முடியவில்லை, அந்த மட்டும் கோழைதான் உன் அம்மா.

நீ நோய் நொடி இல்லாமல், நினைத்தது நடந்து, நிறைந்த மனசோடு நன்றாக இருக்கவேண்டும் கண்ணு. கவுண்டருக்குப் பின்னால் ஒரு ஸ்டூல் கேட்டு வாங்கிப் போட்டுக்கொள், வாய்விட்டுக் கேட்டால்தான் கிடைக்கும். இரவில் வெந்நீரில் காலை வைத்துவிட்டுப் படு.

இப்படிக்கு,
உன்னை ஏமாற்றிய, உன்மேல் உயிராக இருக்கிற
அம்மா

சிட்டு, அம்மா ஒட்டாம குடுத்தாங்க. லிப்ட் மெஷின் ரூம்ல உக்காந்து ரெண்டு தடவ படிச்சேன். இப்ப ஒட்டிடறேன். நான் தொடலன்னு அன்னைக்கே சொன்னேன்ல.
அண்ணன்