மடியில் வைத்த மண்

8-7-91, திங்கள்
காலையில் தூறல், பிறகு ஒரே புழுக்கம். பிசியோதெரபிக்காரர் கொடுத்த ரப்பர் பந்தை என் வீட்டுக்காரர் இடது கையால் தெருவில் வீசிவிட்டார். பக்கவாதம் வந்ததிலிருந்து அவருடைய வலது கை மடியில்தான் கிடக்கிறது. எதையாவது பிசைந்துகொண்டே இருந்தால்தான் விரல்களுக்கு உயிர் வருமாம். பேச்சும் ஒற்றைச் சொல்தான். "வேணாம்." "போ."
பந்து வேண்டாமா, சரி. மண்.

9-7, செவ்வாய்
பள்ளிக்கு அரை நாள் லீவு. தாம்பரம் மார்க்கெட். தொட்டி விற்கிற அம்மா: "இன்னாக்கா, மாடில வெக்கத்தானே? இந்த சைசு போதும். பெருசு வாங்கினா தூக்க முடியாம பேஜாராப் பூடும்."
நான்கு தொட்டி, செம்மண், எரு, மிளகாய் நாற்று. ஆட்டோக்காரர் வாசலோடு சரி. பக்கெட் பக்கெட்டாக நானே மாடிக்குச் சுமந்தேன். இடுப்பு போயிற்று. அவர் பால்கனி நாற்காலியில் அமர்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார்.
அரிசி ஊறவைக்க மறந்தேன்.

10-7, புதன்
மண்ணும் எருவும் ஒரு பேசினில் கலந்து அவர் மடியில் வைத்தேன். வலது கையை எடுத்து உள்ளே புதைத்தேன். தட்டிவிட்டார். பால்கனி முழுக்க மண். கூட்டி அள்ளி மறுபடி வைத்தேன். மறுபடி தட்டினார். மறுபடி கூட்டினேன். அடுத்த முறை கண்ணை மூடிக்கொண்டார். கையை எடுக்கவில்லை.
ராத்திரி உப்புமா.

12-7, வெள்ளி
நேற்று நாற்று நட்டேன். இன்று கீழ்வீட்டிலிருந்து ஹவுஸ் ஓனர் ஏறி வந்தார்.
"டீச்சர், உங்க தொட்டித் தண்ணி நேரா என் ஸ்கூட்டர் சீட்ல சொட்டுது. ஞாயித்துக்கிழமைக்குள்ள எல்லாத்தையும் எடுத்துடுங்க."
"எடுக்க முடியாது சார். சொட்டாம பாத்துக்கறேன்."
"சாருக்கு முடியாத நேரத்துல இதெல்லாம் எதுக்கும்மா?"
"அவருக்காகத்தான் சார்."
இறங்கிப் போனார். தொட்டிகளுக்கு அடியில் பழைய அலுமினியத் தட்டு, தட்டுக்கு அடியில் செங்கல். ஏழாம் வகுப்பு பேப்பர் கட்டு திருத்தாமல் கிடந்தது. திருத்தினேன்.

14-7, ஞாயிறு
சர்ச்சுக்குப் போகவில்லை. ஓனர் சொன்ன நாளில் வந்துவிட்டார். குனிந்து தரையைத் தடவிப் பார்த்தார். காய்ந்திருந்தது.
"சரி, இருக்கட்டும். மழைக்காலத்துல பாப்போம்."
ஓனர் இறங்கிப் போன சந்தோஷத்தில் ஒரு நாற்றுக்குச் சொம்புத் தண்ணீரை அப்படியே கவிழ்த்தேன்.
"அறிவிருக்காடி ஒனக்கு? வேர் அழுகிடும்."
நாற்காலியிலிருந்து. குழறல்தான், ஆனால் முழுசாக. நான்கு மாதத்தில் முதல் திட்டு. திரும்பிப் பார்த்தால் வலது கை தொட்டி விளிம்பில். விரல்கள் நடுங்குகின்றன. தண்ணீரை வடிக்கத் தொட்டியைச் சாய்க்கப் பார்க்கிறார். தொட்டி அசையவில்லை. நான் பிடிக்கப் போனேன்.
"கைய எடு."
எடுத்தேன்.