பதினேழாவது தாளில் விட்டுப்போன வெளி

இன்றைக்கு அலுமாரியைத் திறந்ததும் தைலம் மணந்தது. எலி ஏதும் போத்தலைத் தட்டிவிட்டதாக்கும் என்று தேடினேன். பிறகுதான் விளங்கியது, உன் பதினேழாவது வரைபடத் தாள். முழங்காலுக்குத் தைலம் பூசிவிட்டு அதே கையால் பென்சிலைப் பிடிக்காதே என்று எத்தனை தரம் சொல்லியிருப்பேன். நீ போய் ஒரு வருசமாகிறது, தாள் இன்னும் மணக்கிறது. அப்படியே கதிரையில் இருந்துவிட்டேன். முதலில் உன்மேல் கோபம்தான் வந்தது. அழுகை பிறகுதான்.

மாங்குளத்தில் என்ன வேலை என்று பஸ்ஸில் யாராவது கேட்டால், 'அளவை வேலை' என்று மட்டும் சொல்லுவாய். பிற பரிமாணங்களை வரைபடமாக்கும் கழகம் என்று முழுப்பெயரையும் சொன்னால் நெடுங்கேணி வரும்வரைக்கும் விளங்கப்படுத்த வேணும், ஆரால ஏலும் என்பாய். உண்மையில் விளங்கப்படுத்த அதிகம் இல்லை. பழைய நெல்லுக் களஞ்சியம் ஒன்றுதான் எங்கள் அலுவலகம். அதன் பின்வளவில் இரண்டு பாலை மரங்கள். அவற்றின் நடுவால் போனால் மற்றப் பக்கம். அதே காடு, அதே ஆறு, அதே வெயில். மனிதர் மட்டும் அங்கே ஒருகாலமும் இருந்ததில்லை. வீடில்லை, றோட்டில்லை, சண்டையும் நடக்கவில்லை. கருவி எதுவும் அங்கே வேலை செய்யாது. ஒருவர் இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டு, அடியை எண்ணிச் சொல்லிக்கொண்டே நடக்க வேண்டும். மற்றவர் மரத்தடியில் நின்று கயிற்றைப் பிடித்தபடி எழுத வேண்டும். நீ நடந்தாய். நான் பிடித்தேன்.

எங்களை ஏன் எடுத்தார்கள் என்பது உனக்குத் தெரிந்ததுதானே. அதற்கு முதல் நாங்கள் இரண்டு பேரும் கண்ணிவெடி அகற்றுகிற வேலையில் ஒன்பது வருசம் முழங்காலில் நின்றவர்கள். வெள்ளைத் தடிக்கு உள்ளே கால் வைக்கலாம், சிவப்புத் தடிக்கு அப்பால் வைக்கக் கூடாது. ஒரு முழத்தைத் துப்புரவாக்க ஒரு காலைப்பொழுது போய்விடும். நிலத்தை இவ்வளவு பொறுமையாகப் பார்க்கிற ஆட்கள் வேறெங்கே கிடைப்பார்கள் என்று நேர்முகத் தேர்வில் சொன்னார்கள். நாங்களும் தலையை நிமிர்த்திக்கொண்டு வீட்டுக்குப் போனோம்.

நான்கு வருசத்தில் பதினாறு தாள் முடித்தாய். அவை உருட்டியபடியே கொழும்புக்குப் போய்க்கொண்டிருந்தன. யாரும் விரித்துப் பார்க்கவில்லை போலும். கடைசியில் அதிகாரி ஒருவர் அவற்றையெல்லாம் தூக்கிக்கொண்டு வந்து எங்கள் மேசையில் பரப்பினார். எல்லாத் தாளிலும் மெல்லிய கோடுகள். மான் போன தடம், பன்றி போன தடம். கோடுகளுக்கு இடையில் முழுக்க வெள்ளை.

"பிள்ளையள், இது காட்டின்ர படமோ, மானின்ர படமோ?"

அறையில் இருந்த எல்லாரும் சிரித்தார்கள். நீயும் சிரித்தாய். எனக்குத்தான் சிரிப்பு வரவில்லை. நான்கு வருசம் உன் அடிக்கணக்கை எழுதினவள் நான். ஏற்கெனவே ஏதோ ஒன்று மிதித்த இடத்தில் மட்டும்தான் நீ கால் வைக்கிறாய் என்பது எனக்கு ஒரு குறையாகவே படவில்லை. ஒழுங்காக வேலை செய்கிறாய் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். வெளியே வந்து பைப்படியில் முகம் கழுவிக்கொண்டே சொன்னாய்: "அங்க கண்ணிவெடி ஒண்டும் இல்லையெண்டு எனக்குத் தெரியுமடி. என்ர காலுக்குத்தான் தெரியேல்லை."

பதினேழாவது தாளின் நடுவில் பெரிய புல்வெளி ஒன்று. அதை முழுதாக அளக்காவிட்டால் வேறு ஆளைப் போடுவோம் என்று சொல்லிவிட்டு அதிகாரி போய்விட்டார். "வேலை போனாப் போகட்டும், தோட்டம் கிடக்கு" என்றாய். அந்த வாரம்தான் வவுனியா ஆஸ்பத்திரியில் உன் சிறுநீரகம் இரண்டும் பழுது என்று சொல்லியிருந்தார்கள். எனக்கு மட்டும்தான் சொன்னாய். "ஒருக்கா அந்தப் புல்லுக்க நடந்து பாக்கோணும். சின்னனில கனகராயன்குளத்தில ஓடித்திரிஞ்ச மாதிரி. ஆஸ்பத்திரியில போய்ப் படுக்க முதல், ஒரே ஒருக்கா."

இரண்டு கிழமை ஒவ்வொரு நாளும் போனாய். மான்தடத்தின் விளிம்பில் நிற்பாய். வியர்ப்பாய். திரும்பி வருவாய். நான் கயிற்றைச் சுற்றி வைப்பேன். பிறகு அந்தச் செவ்வாய்க்கிழமை. காலை பத்து மணி இருக்கும். வழக்கம்போல நின்றாய். திடீரென்று வலது காலைத் தூக்கினாய். உன் சப்பாத்து புல்லுக்கு மேலே வந்துவிட்டது.

"நில்!"

கத்தியது நான். கத்தியதோடு கயிற்றையும் இழுத்துவிட்டேன். நீ இடறித் தடத்திலேயே விழுந்தாய். யோசித்துக் கத்தவில்லையடி, சத்தியமாக. ஒன்பது வருசம் அந்தச் சொல்லுக்கு நாங்கள் கல்லாகிப் பழகினவர்கள். வாய் தன்பாட்டில் கத்திவிட்டது.

எழும்பி வந்தாய். கோபம் வந்தால் மட்டும் உனக்கு உன் அம்மாவின் மலைநாட்டுத் தமிழ் வரும். "ஏன்டி கத்துன?" என்றாய். "காலத் தூக்கிட்டேன்ல? நீயே பாத்தல்ல?" என் முகம் எப்படி இருந்ததோ தெரியாது, பார்த்துவிட்டு நீயே சிரித்தாய். "சரி விடு. நானெண்டாலும் கத்தியிருப்பன்" என்று எங்கள் ஊர்த் தமிழுக்குத் திரும்பினாய். தேத்தண்ணி குடித்தோம். அதற்குப் பிறகு நீ அந்தக் காலைத் தூக்கவே இல்லை. அடுத்த மாதம் ஆஸ்பத்திரி. மழைக்கு முதல் எல்லாம் முடிந்துவிட்டது.

செத்தவீட்டில் உன் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஏதோ படம் வரையணும்னு சொல்லிக்கிட்டே இருந்தாளே, முடிச்சிட்டாளா?" என்று கேட்டார். "ஓமம்மா, முடிச்சவா" என்றேன். அந்தப் பொய்யைச் சொல்லிவிட்டு ஒரு வருசம் தாளைத் தொடாமல் இருந்திருக்கிறேன், பார். அதிகாரி சொன்ன வேறு ஆளும் வரவில்லை.

இன்றைக்குத் தாளை எடுத்துக்கொண்டு பின்வளவுக்குப் போனேன். கயிறு பிடிக்க ஆள் இல்லாமல் போகக் கூடாது என்பது விதி. கழகத்து ட்ரைவர் அண்ணை, "நான் வாறன் பிள்ளை" என்றார். வேண்டாம் என்றேன். அவரும் கண்ணிவெடி கிடந்த இந்த ஊர் ஆள்தான், அவரும் கத்துவார். கயிற்றைப் பாலை மரத்திலேயே கட்டினேன். நீ நின்ற இடத்தில் போய் நின்றேன். உள்ளங்கால் கூசியது. திரும்பிப் போய்விடலாம் என்றும் இருந்தது. யாரும் 'நில்' என்று கத்தவில்லை. காலை வைத்தேன்.

புல்லுத்தான். அடுத்த அடியும் புல்லுத்தான். சந்தோசம் வரும் என்று நினைத்திருந்தேன், களைப்புத்தான் வந்தது. குறுக்கால் நடந்து, நெடுக்கால் நடந்து, எண்ணி எழுதிவிட்டு வெளியின் நடுவில் குந்தியிருந்து அழுதேன்.

தாளை நிரப்பிவிட்டேன். கீழே உன் பெயரைத்தான் எழுதினேன். உன் அம்மாவிடம் கொண்டுபோய்க் காட்டுவேன், அவர் சந்தோசப்படுவார். ஆனால் உனக்கு நான் உண்மையைச் சொல்ல வேணும். அன்றைக்கு நீ வலது காலை வைத்திருந்தால் இடது கால் தன்பாட்டில் வந்திருக்கும். அந்த வெளி முழுவதையும் நடந்து முடிக்க அரை மணித்தியாலம்கூடப் பிடிக்கவில்லை. அந்த அரை மணித்தியாலம் என்னால் வாயை மூடிக்கொண்டு நிற்க முடியாமல் போய்விட்டது.