நிலைக்கோலும் ஒரு சட்டி தயிர்சாதமும்

ரியா தொழிற்கூடம். பணிநாள் 212. காலை 07:10

பேரிங்குகளைத் தடவி முடித்தாயிற்று. இனி அவை துருப்பிடிக்காது, தேயாது, சுத்தியலால் அடித்தாலும் நசுங்காது.

இதைப் படிப்பவருக்கு: நான் கோமதிநாயகம், தென்காசிக்காரன். சனிக்கிரகத்தின் துணைக்கோளான ரியாவில் தனி ஆள். நிலைக்கோல் என்பது இங்கே தோண்டும்போது கிடைத்த, அகப்பை நீளக் கறுப்புத் தடி. மூன்று முறை தடவினால் அந்தப் பொருளைக் காலம் தொடாது. எப்படி என்று எவனுக்கும் தெரியாது. தடவியதை மீட்கவும் வழியில்லை. மந்திரக்கோல் என்று எழுதினால் தலைமையகத்துக்குக் கோபம் வருகிறது. கருவி என்று எழுத வேண்டுமாம். உலோகம் தவிர எதையும் தடவக் கூடாது என்பது விதி.

காலை உணவு: பொட்டலக் கூழ். போஸ்டர் ஒட்டலாம்.

பணிநாள் 212. மாலை 19:30

குளிர்பெட்டி செத்துவிட்டது. பால்பவுடரில் தயிர் தோய்த்து, இரண்டு நாளுக்காகும் என்று ஒரு சட்டி தயிர்சாதம் அப்போதுதான் பிசைந்திருந்தேன். கடுகு, கறிவேப்பிலை எல்லாம் போட்டு. இந்தப் பாழாய்ப்போன இடத்தில் எனக்கிருக்கும் ஒரே சுகம் அது. தொழிற்கூடச் சூட்டில் விடிவதற்குள் புளித்துவிடும். புளித்த தயிர்சாதத்தின் வாடையே எனக்கு ஆகாது.

சட்டிக்குள் கோலை விட்டு மூன்று சுற்று கிண்டினேன். விதி போட்டவன் தயிர்சாதம் சாப்பிடாதவனாக இருப்பான்.

பணிநாள் 214. காலை 08:00

புளிக்கவில்லை. அப்போது பிசைந்த மாதிரியே இருக்கிறது. மூன்று வேளையும் அதுதான். மேற்பார்வையாளர் குணசீலனுக்கும் பெருமையாகச் சொன்னேன். பதில்:

"யோவ் நாயகம், உமக்கு எதுலதான் விளையாட்டுன்னு இல்லையா? சரி, சட்டி எவ்வளவு நாள் தாங்குதுன்னு பாத்துச் சொல்லும்."

பணிநாள் 215. மாலை 16:45

வயிறு கல். இரண்டு நாளாக வெளிக்குப் போகவில்லை. வயிறு நிறைந்திருக்கிறது, ஆனால் பசிக்கிறது. இந்த இரண்டும் ஒன்றாக இருப்பது எவ்வளவு அருவருப்பு என்று சொல்லி விளங்காது.

பணிநாள் 216. காலை 05:20

வாந்தி. கொஞ்சம்தான்.

முந்தாநாள் தின்றது. வெள்ளை வெளேரென்று, தயிர் மணத்தோடு, கடுகுகூட நிறம் மாறாமல் தரையில் கிடக்கிறது. தட்டில் எடுத்து வைத்தால் விருந்தாளி சாப்பிட்டுவிடுவான். என் வயிற்றிலிருந்து வந்த எதற்கும் அந்த மணம் இருக்கக் கூடாது. அதைப் பார்த்துத்தான் எனக்கு மறுபடி குமட்டியது.

ஒரு பருக்கையைக் கழுவி, பட்டறைக் கல்லில் வைத்துச் சுத்தியலால் அடித்தேன். சுத்தியலில்தான் பள்ளம்.

எலுமிச்சைச் சோறாக இருந்திருந்தால் முதல் கவளத்திலேயே பல் சொல்லியிருக்கும். தயிர்சாதத்தை எவன் மெல்லுகிறான்? வழித்து விழுங்குகிறோம். நானும் விழுங்கினேன். குடலில் அத்தனையும் போய் அடைத்துக்கொண்டு நிற்கிறது.

பணிநாள் 216. காலை 05:50

மருத்துவர் ஜுலைகாவுக்கு எல்லாவற்றையும் சொல்லி அனுப்பினேன். செய்தி பூமிக்குப் போய்ப் பதில் வர இரண்டரை மணி நேரத்துக்கு மேல் ஆகும்.

பணிநாள் 216. காலை 07:40

வலி நெஞ்சுவரை ஏறிவிட்டது. குடல் கிழிந்தால் இங்கேயே முடிந்தது. சரக்குக் கப்பல் மாதக்கணக்கில் தள்ளி எங்கோ வருகிறது.

தொண்டைவரை வந்து நிற்கிறது. வெளியே வரமாட்டேன் என்கிறது. எச்சில் ஊறிக்கொண்டே இருக்கிறது. என் உடம்பையே எனக்குப் பிடிக்கவில்லை, சீச்சீ.

கோல் மேசைமேல் இருக்கிறது. என்னைத் தடவிக்கொண்டால் குடல் கிழியாது. கப்பல் வரும்வரை சாகாமலாவது கிடப்பேன்.

பணிநாள் 216. காலை 07:52

தடவிவிட்டேன். வயிற்றில்தான் தடவினேன். பேரிங்கின் விளிம்பைத் தொட்டால் முழுதும் நிலைப்பதுபோல, நானும். நகத்தை வெட்டிப் பார்த்தேன், கத்தரிக்கோல் உடைந்தது. வலி அதே அளவில் நிற்கிறது.

பணிநாள் 216. காலை 08:31

ஜுலைகாவின் பதில்:

"நாயகம் சார், பயப்படாதிய. இது ஆபரேசன்ல எடுத்துரலாம். ஆராய்ச்சிக் கப்பல் ஒண்ணு பக்கத்துலதான் இருக்கு, சர்ஜன் ஜெபமணி அதுல வாராரு. ஒம்பது நாள்ல வந்துருவாவ. வாயில ஒண்ணும் போடாதிய. மூக்கு வழியா குழாய் விட்டு வயித்தக் காலி பண்ணுங்க, கையில குளுக்கோஸ் ஏத்துங்க, பெட்டியில எல்லாம் இருக்கு. தாங்கிரலாம். அந்தக் கோல மட்டும் கிட்ட கொண்டுபோயிராதிய, சார். ஒங்க மேல கத்தி எறங்கணும்லா."

அந்தக் குரல்பதிவை மூன்று முறை போட்டுக் கேட்டேன்.

பணிநாள் 225. பிற்பகல் 15:00

ஜெபமணி ஜுலைகாவுக்கு அனுப்பியது, பதிவுக்காக:

"டாக்டரம்மா, நாலு கத்தி போயிட்டு. ஊசிகூட ஏற மாட்டேங்கு. மனுசன் கண்ணத் தொறந்து என்னையே பாத்துட்டு இருக்காரு. நான் அவருக்கு என்னத்தச் சொல்ல?"

பணிநாள்: எண்ணுவதை விட்டுவிட்டேன்

ஜெபமணி ஓய்வு பெற்று, இறந்தும் போய்விட்டார். ஜுலைகா கடைசிவரை மாதம் ஒருமுறை பேசினார். அவரும் இப்போது இல்லை. தொழிற்கூடத்தை மூடுகிறார்கள். குணசீலனின் இடத்துக்கு வந்திருக்கும் பெண் மரியாதையாகத்தான் கேட்டாள்: "ஐயா, உங்கள ஆளா கூட்டிட்டு வர்றதா, சரக்கா ஏத்துறதா? ரெண்டுக்கும் வேற வேற அனுமதி வாங்கணும்."

எனக்கு ஒரு முடி நரைக்கவில்லை. கோபம்கூட ஆறவில்லை. வாயில் எச்சில் ஊறிக்கொண்டிருக்கிறது. இதோ, இப்போது வாந்தி வந்துவிடும் என்று இருக்கிறது.

வரவில்லை.